கைக்கும் மூளை உண்டு!
(வடக்குத்து தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)

"நீ யோசிக்காதே, சொன்னதைச் செய்!" – இந்த வார்த்தையைக் கேட்காத தொழிலாளி இங்கே உண்டா? இது மேஸ்திரியின் சொந்தச் சரக்கல்ல. அமெரிக்க எஞ்சினீயர் டெய்லர் 1911-ல் புத்தகமே எழுதினார். யோசனை ஆபீசுக்கு, உழைப்பு பட்டறைக்கு என்று பங்கு பிரித்தார்.

இன்று முதலாளிகள் வேறு பாட்டுப் பாடுகிறார்கள். ஆலைகளில் யோசனைப் பெட்டி தொங்குகிறது. மத்திய சர்க்கார் 1965-ல் தொழிலாளிக்கு விருது ஏற்படுத்தியது. பின்னால் அதற்கு விஸ்வகர்மா பெயர் வந்தது. தொழிலாளிக்கும் மூளை உண்டென்று ஒப்புக்கொண்டார்கள். சந்தோஷம்! ஆனால் அந்த மூளையின் பலன் யாருக்கு?

நம் நெய்வேலியையே பாருங்கள். 1935 வாக்கில் ஜம்புலிங்க முதலியார் நிலத்தில், கிணற்றுத் தண்ணீரோடு கரித்துகள் வந்தது. அவர் பெயர் நிலைத்தது, நியாயமே. கிணறு போட்ட கூலிக்காரர்களின் பெயரை நான் படித்த எதிலும் காணோம். பிறகு ஜெர்மனியிலிருந்து ராட்சத வெட்டு யந்திரங்கள் வந்தன. நம் பூமியோ கெட்டியான மணற்பாறை. யந்திரத்தின் பற்களைத் தேய்த்தது. முதலில் வெடி வைத்துத் தளர்த்தி, அப்புறம் வெட்ட வேண்டியிருந்தது. 1961-ல் கரி கண்ணில் பட்டது. அதில் எஞ்சினீயரின் கணக்கும் உண்டு, வெயிலில் நின்று பல் மாற்றியவனின் கைப்பக்குவமும் உண்டு.

வயலிலும் இதே கதைதான். மகாராஷ்டிரத்தின் தாதாஜி கோப்ரகடே கொஞ்ச நிலம் வைத்திருந்த தலித் விவசாயி. 1983-ல் தன் வயலில் வித்தியாசமான சில கதிர்களைக் கண்டார். பிரித்து விதைத்து, பல ஆண்டு பொறுக்கி எடுத்தார். அதுவே கைக்கடிகாரத்தின் பெயர் பெற்ற எச்.எம்.டி. நெல். வியாபாரிகள் கொழித்தார்கள், அவர் 2018-ல் ஏழையாகவே மறைந்தார்.

கட்சி ஊழியனாகுமுன் நான் ஒரு நூல் மில்லில் வேலை பார்த்தேன். குனிந்து குனிந்து இடுப்பு ஒடிகிறதே என்று, அங்கே ஒரு அண்ணன் நூல்கூடை வண்டியைப் பலகை வைத்து உயர்த்தினார். இருவர் வேலையை ஒருவர் செய்ய முடிந்தது. மாதம் முடிவதற்குள் இரண்டாவது ஆளை நிறுத்திவிட்டார்கள்! அண்ணன் பலகையைக் கழற்றி எறிந்தார். அதற்குப்பின் அவர் எந்த யோசனையும் சொன்னதில்லை.

தொழிலாளிக்கு யோசனை வராமலில்லை, தோழர்களே! சொன்னால் பக்கத்திலிருப்பவன் சோற்றில் மண் விழுமே என்று வாயை மூடிக்கொள்கிறான்.

ஆகவே நாம் கேட்பது மூன்று. யோசனை சொன்னவன் பெயர் தேதியோடு பதிவாக வேண்டும். காண்டிராக்ட் தொழிலாளியானாலும் சரி. மிச்சமாகும் பணத்தில் அவனுக்கும் அவன் பகுதித் தொழிலாளருக்கும் பங்கு வேண்டும். அந்த யோசனையால் ஒருவருக்கும் வேலை போகக்கூடாது.

அதுவரை சும்மா இருக்க வேண்டாம். சங்கத்தில் ஒரு நோட்டுப் போடுவோம். உங்கள் யோசனைகளை முதலில் அதில் எழுதுங்கள். எழுதத் தெரியாதவர் சொல்லுங்கள், நான் எழுதுகிறேன். நிர்வாகத்தின் முன் அந்த நோட்டோடு சேர்ந்தே போவோம்!