அடிவாரம் செய்யும் வேலை

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



பொறியாளன் வந்திருக்கிறான், மெஷினைப் பற்றிப் பேசுவான் என்று எதிர்பார்த்திருப்பீர்கள். நான் பேச வந்தது மலையடிவாரத்தைப் பற்றி.

நம்ம திருப்பூர் கடல் மட்டத்திலிருந்து சுமார் 300 மீட்டர் உயரம். நீலகிரியின் தொட்டபெட்டா 2,637 மீட்டர். சமவெளியில் பிழைக்கிறோம், சிகரத்தைப் பார்க்கப் போகிறோம். நடுவில் இருக்கிற அடிவாரம் நமக்கு பஸ்ஸை விட்டு இறங்குகிற இடம், அவ்வளவுதான். நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

2010-ல் கல்லூரி முடித்து ஒரு சாயப்பட்டறையில் வேலைக்குச் சேர்ந்தேன். 2011 ஜனவரியில், கழிவுநீரைத் துளியும் வெளியே விடாத ஏற்பாட்டைச் செய்து முடிக்காத பட்டறைகளை மூடச் சொல்லி சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. எங்கள் பட்டறையும் மூடியது. வேலை இல்லாத ஒரு நாளில், நொய்யல் பிறக்கும் வெள்ளியங்கிரி அடிவாரத்துக்கு நண்பனோடு பைக்கில் போனேன்.

ஓடையில் கொஞ்சம் தண்ணீர்தான். ஆனால் அடியில் கிடந்த கூழாங்கல்லை எண்ணலாம். தோட்டத்தில் இருந்த ஒரு பெரியவர், "எந்த ஊருங்க தம்பி?" என்றார். "திருப்பூருங்க" என்றேன். "நாங்க இப்படித்தானுங்க அனுப்பறோம். உங்க ஊருக்கு வந்தா என்னதான் ஆகுது?" என்று கேட்டார். எனக்கு வாய் வரவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அடிவாரம் என்னதான் செய்கிறது என்று தேடிப் படித்தேன். மலையில் பெய்த மழை வேகமாய் இறங்கி வருகிறது. சரிவு குறையும் இடத்தில் வேகம் தணிந்து, சுமந்து வந்த கல்லையும் மணலையும் அங்கேயே இறக்கி வைக்கிறது. அந்தக் கல்லிடுக்கில் தண்ணீர் உள்ளே போய்த் தங்கி, மழை நின்ற பிறகும் மெல்ல மெல்லக் கசிந்து வருகிறது. மெக்கானிக்கல் மாணவர்களுக்குச் சொன்னால், இது பிளைவீல் மாதிரி. கிடைக்கும்போது வாங்கி வைத்து, இல்லாதபோது கொடுக்கும். முன்னோர்கள் அந்த நீரைத்தான் சித்திரைச்சாவடி அணைக்கட்டில் திருப்பிக் கோவைக் குளங்களை நிரப்பினார்கள்.

நாம் என்ன செய்தோம்? நம் ஊருக்குக் கீழே சென்னிமலைப் பக்கம் 1992-ல் ஒரத்துப்பாளையம் அணை வந்தது. பாசனத்துக்குக் கட்டிய அணையில் சாயக்கழிவு தேங்கியது. பாசன விவசாயிகளே நீதிமன்றம் போக வேண்டியதாயிற்று.

சாயம் கண்ணுக்குத் தெரியும், உப்பு தெரியாது. பருத்தியில் சாயம் ஏற நாம் கொட்டும் உப்பு சாதாரணச் சுத்திகரிப்பில் போகாது. ஆர்.ஓ.வில் வடிகட்டி, மிஞ்சியதைக் காய்ச்சித்தான் எடுக்க வேண்டும். செலவு அதிகம்தான். பட்டறை மறுபடி திறந்தபோது அந்தப் பிரிவைத்தான் நான் கேட்டு வாங்கினேன்.

தம்பி தங்கைகளே, இண்டஸ்ட்ரியல் விசிட் என்று ஆலைக்குப் போகிறீர்கள். ஒரு முறை அடிவாரத்துக்கும் போங்கள். டி.டி.எஸ். மீட்டரில் ஓடைத் தண்ணீரை அளந்துவிட்டு, நம்ம ஊர் ஆற்றோரக் கிணற்றையும் அளந்து பாருங்கள். அந்த வித்தியாசத்தில் நம் பங்கு எவ்வளவு என்று கணக்குப் போடுங்கள். பெரியவர் கேட்ட கேள்விக்கு நீங்களாவது தலை நிமிர்ந்து பதில் சொல்ல வேண்டும்.