கோலாப்பூரில் ஒரு குஸ்தி மாலை

(நம் சங்கத்தின் கவுஞ்சிப் பயணத்தில் இரண்டாம் நாள் மாலை ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



கவுஞ்சி என் சொந்த ஊர். ஆகவே ஊரைப் பற்றிப் பேசச் சொல்வார்கள் என்று நினைத்துக் குறிப்பெல்லாம் எடுத்து வைத்திருந்தேன். செயலாளரோ, "ஊரைத்தான் காலையிலிருந்து சுத்திப் பார்த்தாச்சே சார், நீங்க போன டூரைப் பத்திப் பேசுங்க" என்று சொல்லிவிட்டார். டூர் என்றால் எந்த ஊரில் இட்லி கிடைத்தது, எந்தக் கோவிலில் கூட்டம் என்று ஆரம்பித்து உங்களைத் தூங்க வைக்கப் போவதில்லை. எட்டு நாள் பயணத்தில் ஒரே ஒரு மாலையைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

பண்டரிபுரம், கோலாப்பூர் மகாலட்சுமி எல்லாம் சேர்ந்த மூத்த குடிமக்கள் பேக்கேஜ் அது. கோலாப்பூர் அன்று பயணத் திட்டத்தில் "மாலை: செருப்புக் கடைத் தெரு அல்லது குஸ்தி தாலிம்" என்று போட்டிருந்தது. தாலிம் என்றால் பயில்வான்கள் தங்கிப் பயிற்சி எடுக்கும் கூடம். இருபத்திரண்டு பேரில் பதினேழு பேர் கோலாப்பூர் செருப்பு வாங்கப் போய்விட்டார்கள். மல்யுத்தம் பார்க்க மிஞ்சியது ஐந்து பேர்.

எனக்கு அதில் ஆசை வந்ததற்குக் காரணம் என் அக்கா மகன். மெக்சிகோவில் கம்ப்யூட்டர் வேலை. அங்கே அவன் போய் வந்த ஒரு மல்யுத்த மாலையின் வீடியோவை அனுப்பியிருந்தான். மெக்சிகோ நகரில் 'அரேனா மெஹிகோ' என்று 1956-இல் கட்டிய பெரிய அரங்கம் இருக்கிறது. வெள்ளிக்கிழமை இரவானால் குடும்பம் குடும்பமாகக் கூட்டம். வெளிநாட்டுக்காரர்களைக் கைடு ஒருவர் கூட்டிப்போய், ஆளுக்கொரு முகமூடியும் கொடுத்து உட்கார வைப்பாராம். மோதுகிறவர்களும் முகமூடி போட்டவர்கள்தான். ஒழுங்காகச் சண்டை போடும் கட்சி ஒன்று, முரட்டுக் கட்சி ஒன்று. தோற்றவனின் முகமூடியைக் கழற்றும் பந்தயமும் உண்டு. 'எல் சான்ட்டோ' என்ற பெரிய வீரர் வாழ்நாள் முழுக்க முகமூடியோடே ஊருக்குள் நடமாடி, 1984-இல் இறந்தபோது முகமூடியோடே அடக்கமானார். கவுன்டரில் 36 வருஷம் கையெழுத்தையும் முகத்தையும் ஒப்பிட்டுப் பார்த்தே காலம் தள்ளிய எனக்கு, இப்படி ஓர் ஆள் பாஸ்புக் எடுத்துக்கொண்டு வந்தால் என்ன செய்திருப்போம் என்றுதான் முதலில் தோன்றியது.

யார் ஜெயிப்பது என்பதை அங்கே பெரும்பாலும் முன்பே பேசி வைத்திருப்பார்கள். அதற்காக 'சும்மா நடிப்பு' என்று தள்ளிவிட முடியாது. 2015-இல் டிஹுவானா நகரில் பெர்ரோ அகுவாயோ ஜூனியர் என்ற வீரர் மேடையிலேயே சுருண்டு விழுந்து, சற்று நேரத்தில் இறந்துபோனார். நம் கூத்தில் துரியோதனன் விழுவது எல்லோருக்கும் தெரிந்த முடிவுதான். விடியவிடிய உட்கார்ந்து பார்க்கிறோமே.

கோலாப்பூரிலும் இப்படி விளக்கு, பாட்டு, ஆரவாரம் ஏதாவது இருக்கும் என்ற நினைப்பில்தான் போனேன். ஒன்றும் இல்லை. ஒரு சந்துக்குள் பழைய கட்டடம். வாசலில் செருப்பைக் கழற்றச் சொன்னார்கள். உள்ளே அனுமார் படம், சாகு மகாராஜா படம். நடுவில் செம்மண் பரப்பிய களம். டிக்கெட் இல்லை, நாற்காலி இல்லை, எங்களை யாரும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. லங்கோடு கட்டிய பையன்கள் சிலர் மண்வெட்டியால் களத்தைக் கொத்திக்கொண்டிருந்தார்கள். ஏதோ மராமத்து என்று நினைத்தேன். அதுவே பயிற்சியாம். கொத்திப் புரட்டினால்தான் மண் மெத்தென்று இருக்கும், தோளும் உரமேறும். இன்று காலை நீங்கள் பார்த்த பூண்டு வயலில் எங்கள் ஊர்க்காரர்கள் கொத்தும் அதே குனிவு, அதே மூச்சு.

மண்ணையும் சும்மா விடுவதில்லை. எண்ணெய், மோர், எலுமிச்சைச் சாறு, மஞ்சள்தூள், கற்பூரம் எல்லாம் கலக்கிறார்கள். சிராய்ப்பு புரையோடாமல் இருக்க மஞ்சள். அந்த வாசனை எனக்குச் சமையலறையும் பூஜை அறையும் சேர்ந்த மாதிரி இருந்தது.

பிறகு இரண்டிரண்டு பேராக இறங்கினார்கள். களத்தைத் தொட்டுக் கும்பிட்டு, ஒரு பிடி மண்ணை எடுத்து எதிராளியின் உடம்பில் தேய்க்கிறான். அவனும் இவனுக்குத் தேய்க்கிறான். வியர்வையில் பிடி வழுக்காமல் இருக்க இந்த ஏற்பாடு. நீ என்னைப் பிடிக்க வசதியாக நானே உனக்கு மண் பூசிவிடுகிறேன் என்பது மாதிரி. அப்புறம் தலையோடு தலை முட்டிக்கொண்டு நிற்பார்கள். ரொம்ப நேரம் ஒன்றுமே நடக்காதது போல இருக்கும். திடீரென்று ஒருவன் காற்றில் சுழன்று கீழே கிடப்பான். முதுகு மண்ணில் படியும்படி விழுந்தால் தோல்வி, அவ்வளவுதான் சட்டம். ஒரு பிடிக்கு 'தோபி பச்சாட்' என்று பெயர். சலவைத் தொழிலாளி துணியைத் தோளுக்கு மேல் தூக்கிக் கல்லில் அடிப்பாரே, அதேபோல ஆளைத் தூக்கி அடிப்பது. மொழி தெரியாத எனக்கும் அந்த ஒரு பெயர் உடனே புரிந்தது.

ஆசானை அங்கே 'வஸ்தாத்' என்கிறார்கள். கையில் பிரம்பு, வாயில் இரண்டொரு வார்த்தை. அவர் எங்கள் கூட்டத்தில் இருந்த இரு பெண்களையும் களத்துக்குப் பக்கத்தில் வர வேண்டாம், வாசல் திண்ணையிலேயே உட்காரலாம் என்று சைகை காட்டினார். பழைய தாலிம்களில் அது வழக்கமாம். என் மனைவிக்குச் சுருக்கென்று கோபம் வந்துவிட்டது. "ஏங்க, சாக்‌ஷி மாலிக் 2016-ல ஒலிம்பிக்ல மெடல் வாங்குனது இவருக்குத் தெரியாதாமா?" என்றாள். திண்ணையிலிருந்தே முழுப் பயிற்சியையும் பார்த்தாள் என்பது வேறு விஷயம். நம் பி பிளாக் தமிழாசிரியை அம்மா இதைக் கேட்டுவிட்டு எனக்கு ஒரு தகவல் சொன்னார். சோழ இளவரசன் போரவைக் கோப்பெருநற்கிள்ளி ஆமூர் மல்லனோடு மோதியதைப் பற்றிப் புறநானூற்றில் பாடியவர்களில் நக்கண்ணையார் என்ற பெண்பாற்புலவரும் ஒருவர். பனைமரத்தில் சாய்ந்து நின்று அவர் பார்த்திருக்கிறார். அங்கும் ஜெயித்தது யார் என்று கூட்டத்துக்குள் இரண்டு அபிப்பிராயம் இருந்ததாம். தமிழ்நாட்டில் இரண்டாயிரம் வருஷத்துக்கு முன்பு நின்று பார்க்க இடம் இருந்தது, இங்கே இல்லையா என்று என் மனைவி இன்னமும் கேட்கிறாள். நியாயமான கேள்விதான்.

பயிற்சி முடிந்து பையன்கள் ஒருவருக்கொருவர் கை கால் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தபோது, ஒருவனிடம் பேச்சுக் கொடுத்தேன். புனேயில் வளர்ந்த எங்கள் டூர் மேனேஜர் தம்பி மொழிபெயர்த்தார். பையனுக்கு 19 வயது. அப்பாவுக்கு இரண்டு ஏக்கர் கரும்பு. நான் பி.காம். படித்தவன், எனக்குக் கேட்கத் தெரிந்தது ஒன்றுதான்: மாதம் என்ன செலவாகும்? அவன் விரல் விட்டு எண்ணினான். பால், நெய், பாதாம், முட்டை, கறி, பழம். சாப்பாட்டுக்கு அங்கே 'குராக்' என்று தனிப் பெயரே வைத்திருக்கிறார்கள். வீட்டிலிருந்து வரும் பணத்தில் முக்கால்வாசி அதற்கே போகிறது. சில மாதம் அப்பாவால் முடியாது. அப்போது? ஊர்த் திருவிழாக்களில் குஸ்தி வைப்பார்கள். ஊர்க்காரர்கள் வசூல் பண்ணிப் பரிசுத்தொகை வைப்பார்கள். சின்னப் பையன்களுக்குச் சின்னத் தொகையில் ஆரம்பித்து, பெரிய தொகைக்கான ஜோடி கடைசியில் இறங்கும். நன்றாகப் பிடித்தால் கூட்டத்திலிருந்தும் நோட்டு நீட்டுவார்கள். அதை வைத்து அடுத்த மாதப் பால் கணக்கை அடைப்பானாம்.

"முட்டியில் அடிபட்டால்?" என்று கேட்டேன். மேனேஜர் தம்பி மொழிபெயர்க்கத் தயங்கினார். பையனுக்கே என் கேள்வி புரிந்துவிட்டது போல. தன் இடது முட்டியில் இருந்த பட்டையைக் காட்டினான். இன்னும் இரண்டு வருஷம் பார்ப்பானாம். அதற்குள் போலீஸிலோ ரயில்வேயிலோ விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலை கிடைத்தால் சரி, இல்லாவிட்டால் கரும்புத் தோட்டம். இதைச் சொல்லும்போது அவன் முகத்தில் வருத்தமும் இல்லை, வீறாப்பும் இல்லை. எங்கள் கிளையில் பயிர்க்கடன் புதுப்பிக்க வருகிற விவசாயிகள் வானத்தைப் பற்றிப் பேசும்போது இருக்குமே, அந்த முகம்.

இருட்டுவதற்குள் காஸ்பாக் மைதானத்துக்குக் கூட்டிப்போனார்கள். குஸ்திக்காகவே கட்டிய மைதானம். சாகு மகாராஜா 1902-இல் ஐரோப்பா போனபோது ரோமாபுரியின் பழைய வட்டரங்கத்தைப் பார்த்து வந்து, அதுபோல இங்கே ஒன்று வேண்டும் என்று கட்டினார். 1912-இல் முடிந்தது. நடுவில் களம், சுற்றிலும் சரிவு ஏறிக்கொண்டே போகிறது. எங்கே உட்கார்ந்தாலும் யார் தலையும் மறைக்காது. நாளைக் காலை அந்த வளைவில் நின்று கீழே பாருங்கள், எங்கள் ஊர்ப் படிக்கட்டு வயல்கள் பள்ளத்தைச் சுற்றி இறங்குகின்றனவே, அந்த அமைப்புத்தான். காலியான மைதானத்தில் ஒரு தாத்தா பேரனோடு நடந்துகொண்டிருந்தார். எங்கள் கைடு அங்கே நின்றுதான் காஷாபா ஜாதவ் கதையைச் சொன்னார். நான் உங்களுக்குச் சொல்ல வந்ததே அதைத்தான்.

காஷாபா ஜாதவ் கராட் பக்கத்தில் கோலேஷ்வர் என்ற கிராமத்துக்காரர். கோலாப்பூர் ராஜாராம் கல்லூரி மாணவர். மண்ணில் பழகிய அவர் 1948 லண்டன் ஒலிம்பிக்கில் மெத்தை விரிப்பில் மோதி ஆறாவது இடம் வந்தார். 1952 ஹெல்சிங்கிக்குப் போகப் பணம் இல்லை. ஊர்க்காரர்கள் வசூல் செய்தார்கள், போதவில்லை. கல்லூரி முதல்வர் கார்தேகர் தன் வீட்டை அடமானம் வைத்து 7,000 ரூபாய் வாங்கிக் கொடுத்தார்.

வங்கியில் இருந்தவன் என்பதால் இந்த இடத்தில் எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. 1952-இல் 7,000 ரூபாய்! கடன் வாங்கும் காரணம் என்ன என்று விண்ணப்பத்தில் ஒரு கட்டம் இருக்கும். மகள் கல்யாணம், வைத்தியச் செலவு, வியாபார விருத்தி. 'என் மாணவன் குஸ்தி பிடிக்கப் பின்லாந்து போகிறான்' என்று எழுதினால் எந்த மேனேஜர் கையெழுத்துப் போடுவார்? திருப்பிக் கட்ட வருமானம் என்ன என்ற அடுத்த கட்டத்தில் என்ன எழுதுவது? ஜெயித்தாலும் ஒலிம்பிக்கில் பணமுடிப்பு கிடையாது.

ஜாதவ் வெண்கலம் வாங்கினார். சுதந்திர இந்தியாவின் முதல் தனிநபர் ஒலிம்பிக் பதக்கம் அதுதான். அடுத்த தனிநபர் பதக்கத்துக்கு 1996-இல் லியாண்டர் பயஸ் வரும்வரை 44 வருஷம் காத்திருந்தோம். ஊர் திரும்பியவரை நூற்றுக்கு மேற்பட்ட மாட்டுவண்டிகளோடு ஊர்வலமாக அழைத்துப் போனார்கள். அதற்குப் பிறகு அவர் செய்த காரியம்தான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. குஸ்திப் போட்டிகளை ஏற்பாடு செய்து, தானே இறங்கி மோதி, வசூலான பணத்தைக் கொண்டுபோய் முதல்வரிடம் கொடுத்து வீட்டை மீட்டுத் தந்தார். கழுத்தில் பதக்கம் வாங்கி வந்த ஆள், அடமானக் கடனை அடைக்க மறுபடி மண்ணில் இறங்கியிருக்கிறார்.

1955-இல் போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர் ஆனார். 1984-இல் சாலை விபத்தில் இறந்தார். அர்ஜுனா விருது இறந்த பிறகுதான் வந்தது. பென்ஷனுக்காகவும் அலைந்திருக்கிறார். இங்கே ஓய்வு பெற்றவர்கள் பாதிப்பேர் இருக்கிறோம், அதைப் பற்றி நான் விளக்க வேண்டியதில்லை.

அறைக்குத் திரும்பியபோது செருப்பு வாங்கப் போனவர்கள் பெட்டி பெட்டியாகக் கடை பரப்பியிருந்தார்கள். "நீங்க என்ன சார் வாங்கினீங்க?" என்று கேட்டார்கள். காண்பிக்க ஒன்றும் இல்லை, என் வேட்டி ஓரத்தில் ஒட்டியிருந்த செம்மண்ணைத் தவிர. மெக்சிகோ என்றால் ஒரு முகமூடியாவது கிடைத்திருக்கும்.

போக விரும்புகிறவர்களுக்குச் சில விவரங்கள். மிரஜ் வரை ரயிலில் போனால் அங்கிருந்து கோலாப்பூர் கிட்டத்தட்ட 50 கிலோமீட்டர்தான். மகாலட்சுமி தரிசனத்தைக் காலையில் முடித்துக்கொள்ளுங்கள், தாலிமுக்கு மாலை 4 மணிக்கு மேல் போங்கள். கங்காவேஷ், மோதிபாக், சாகுபுரி என்று பெயர் பெற்ற தாலிம்கள் இருக்கின்றன. வஸ்தாதைக் கேட்காமல் போட்டோ எடுக்கக் கூடாது. பெண்கள் முன்கூட்டியே விசாரித்துப் போவது நல்லது, எல்லா இடத்திலும் ஒரே வழக்கம் இருக்காது. கையில் ஏதாவது கொடுக்கத் தோன்றினால் பணத்தை நீட்டாதீர்கள். ஒரு கிலோ பாதாம் வாங்கிப்போய் வஸ்தாத் கையில் கொடுங்கள். நாங்கள் மறுநாள் காலை பஸ் கிளம்புவதற்கு முன்பு அப்படித்தான் செய்தோம். அந்தப் பையன் மண்வெட்டியோடு களத்தில் நின்றிருந்தான். என்னைப் பார்த்து, "காகா, இன்றைக்கு முட்டி பரவாயில்லை" என்றான்.