எம்டனும் ஊமைப் படமும்

(பழைய மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



நம்ம செஞ்சிப் பக்கத்துல பெரிய கில்லாடியைப் பார்த்தா, 'சரியான எம்டன்' என்போம். அது ஒரு ஜெர்மன் போர்க்கப்பலின் பெயர். 1914 செப்டம்பர் 22 இரவு சென்னையின் மீது சுமார் 130 குண்டுகளை வீசி, எண்ணெய்த் தொட்டிகளை எரித்த கப்பல். பயந்துபோய் எத்தனையோ பேர் ஊரையே காலி செய்தார்கள். உயர்நீதிமன்ற மதிலில் அதன் நினைவுக் கல் இருக்கிறது.

இந்தக் கதையை 1926-ல் லூயிஸ் ரால்ஃப் ஜெர்மனியில் ஊமைப் படமாக எடுத்தார். எம்டனை 1914 நவம்பர் 9 அன்று கோகோஸ் தீவருகே முறியடித்தது ஆஸ்திரேலியக் கப்பல் 'சிட்னி'. அதனால் 1928-ல் கென் ஜி. ஹால், ஆஸ்திரேலியக் கடற்படை உதவியோடு புதுக் காட்சிகள் எடுத்து அந்தப் படத்தில் சேர்த்தார்.

பீரங்கி வெடிப்பது வசனமில்லாமலே புரியும். டார்பிடோ அப்படியில்லை. 1914 அக்டோபர் 28, பினாங்கு: போலிப் புகைபோக்கி கட்டிக்கொண்டு நுழைந்த எம்டன், ரஷ்யாவின் 'ஜெம்சுக்' கப்பலை டார்பிடோவால் மூழ்கடித்தது. 80-க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள்.

அக்கால டார்பிடோவை ஓட்டியது அழுத்தக் காற்று. ஆழம் மாறாமல் காத்தது, நீரழுத்தத்தை உணரும் வால்வும் ஓர் ஊசலும். கேமராவுக்குச் சிக்குவதோ குமிழிக் கோடும் வெடிப்பும்தான். வால்வும் தெரியாது, கப்பலின் அடித்தளத்தில் இருந்த மாலுமியும் தெரியமாட்டான்.

தம்பிகளா, தங்கைகளா, இன்ஜினியராகப் போகிறவர்கள் ரெண்டு கேள்வியும் கேட்கணும்: இது எப்படி ஓடுது? யார் மேல போய் முட்டுது? முதல் கேள்வியோடு நான் பல வருஷம் நின்றுவிட்டேன். நீங்கள் நிற்காதீர்கள்.