ஏடு எதிரேறிய கதை

எழுதியது நடக்கும் என்னும் நம்பிக்கை மக்களிடையே மிகப் பழையது. பிரமன் எழுதிய தலையெழுத்து என்கிறோம். செப்புத் தகட்டில் சக்கரம் வரைந்து குழந்தையின் இடுப்பில் கட்டுகிறோம். பிள்ளையார் சுழி இட்ட பின்னரே கணக்கு எழுதத் தொடங்குகிறோம். வெளி மாநிலங்களில் வாழும் நமக்கு எழுத்தின் வலிமை நன்கு தெரியும். நான்கு வரி கொண்ட மாற்றல் உத்தரவு ஒன்று ஒரு குடும்பத்தையே மதுரையிலிருந்து தில்லிக்குப் பெயர்த்துவிடுகிறதன்றோ?

எழுத்தின் ஆற்றலைச் சோதித்துப் பார்க்கும் சடங்கு ஒன்றைச் சேக்கிழார் பெரியபுராணத்தில் விரித்துப் பாடியுள்ளார். அது 12-ஆம் நூற்றாண்டு நூல். அது கூறும் கதையோ 7-ஆம் நூற்றாண்டு மதுரையைச் சார்ந்தது. சமணம் தழுவியிருந்த பாண்டியனை வெப்புநோய் வாட்டுகிறது. அரசி மங்கையர்க்கரசியாரும் அமைச்சர் குலச்சிறையாரும் வேண்ட, மதுரைக்கு வந்திருந்த ஞானசம்பந்தர் திருநீறு பூசி அந்நோயைத் தீர்க்கிறார். அதன் பின்னும், எது மெய்ச்சமயம் என்னும் வாதம் ஓயவில்லை. அதனை ஏட்டினால் முடிவு செய்வதென இருதிறத்தாரும் இசைகின்றனர்.

முதலில் அனல் வாதம். சம்பந்தர் தம் பதிகச் சுவடியில் கயிறு சாத்தி ஓர் ஏட்டை எடுக்கிறார்; திருநள்ளாற்றுப் பதிகம் வருகிறது. தீயிலிட்ட அவ்வேடு கருகாமல் பச்சையாகவே விளங்கியது. ஆதலின் அதனைப் 'பச்சைப் பதிகம்' என்பர். சமணர் இட்ட ஏடு சாம்பலாயிற்று.

அடுத்தது புனல் வாதம். சமணர் தம் ஏட்டில் 'அத்தி நாத்தி' என்று எழுதினர். 'உண்டு, இல்லை' என்பது அதன் பொருள். ஒரு பொருளைப் பல நோக்கில் காணவேண்டும் என்னும் அவர்தம் கொள்கையின் சுருக்கம் அது. வையை வெள்ளம் அவ்வேட்டை அடித்துச் சென்றது. சம்பந்தர் திருப்பாசுரம் எழுதி இட்ட ஏடோ வெள்ளத்தைக் கிழித்துக்கொண்டு எதிரேறியது. அரசன் ஓங்குக என்று அப்பாட்டில் அமைந்த வாழ்த்தால் பாண்டியனின் கூன் நிமிர்ந்தது. கரையோரமாகக் குதிரையில் விரைந்த குலச்சிறையார், ஏடு நின்ற இடத்தில் அதனை எடுத்து வந்தார். சோழவந்தானுக்கு அருகில் வையைக் கரையில் உள்ள திருவேடகமே அவ்விடம். ஏடு தங்கியதால் ஏடகம் என்பர்.

தோற்றவர் கழுவேறினர் என்று கதை முடிகிறது. அதற்கு அக்காலத்துச் சான்று ஒன்றும் இல்லை. அப்பகுதியைக் கொண்டு நாம் பெருமை கொள்ளவும் வேண்டுவதில்லை. நம் சிந்தனைக்கு உரியது வேறொன்று.

கதையில் வரும் ஏட்டைத் தீயும் நீரும் தீண்டவில்லை. உண்மையில் நம் ஏடுகளுக்கு நேர்ந்தது என்ன? சுவடி தேடி ஊரூராக அலைந்த உ. வே. சாமிநாதையர் அதனைத் தம் நூல்களில் எழுதி வைத்துள்ளார். கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலில் பழைய ஏடுகளை நெய்யில் தோய்த்து ஓமத் தீயில் இட்டுவிட்டதாகக் கேள்வியுற்று அவர் மனம் நொந்தார். பதினெட்டாம் பெருக்கன்று ஏடுகளை வெள்ளத்தில் விட்டவர்களும் உண்டு. பகையினால் எவரும் இதனைச் செய்யவில்லை. ஏட்டைப் போற்றுவதாக எண்ணியே செய்தனர். அவற்றுள் ஒன்றேனும் எதிரேறி வரவில்லை.

எதிரேறிய ஏடுகள் வேறு வகையில் எதிரேறின. சமண முனிவர் திருத்தக்கதேவர் இயற்றிய சீவக சிந்தாமணியைச் சைவராகிய ஐயர், கும்பகோணத்துச் சமண அன்பர்களிடம் ஐயம் கேட்டுத் தெளிந்து, பல பிரதிகளை ஒப்பிட்டு 1887-இல் அச்சிட்டார். அனலிலும் புனலிலும் தோற்றதாகக் கதை கூறும் சமயத்தாரின் நூலை அழியாமல் காத்தது ஒரு சைவரின் உழைப்பு. பனையோலை சில நூற்றாண்டுகளுக்கு மேல் தாங்காது. ஒருவர் படித்து மற்றொருவர் மீண்டும் எழுதினாலன்றி எந்நூலும் காலவெள்ளத்தை எதிர்த்து நிற்பதில்லை. இதுவே நாம் கண்ணால் காணக்கூடிய மந்திரம்.

அன்பர்களே, தமிழகத்துக்கு வெளியே வாழும் நம் வீடுகளை எண்ணிப் பார்ப்போம். நம் பிள்ளைகள் தமிழில் பேசுகிறார்கள். படிக்கச் சொன்னாலோ பலர் திகைக்கிறார்கள். ஊரிலிருந்து பாட்டி எழுதும் கடிதத்தை நாம் படித்துக் காட்டவேண்டியிருக்கிறது. சரசுவதி பூசையன்று புத்தகங்களுக்குச் சந்தனம் தெளித்து அடுக்கி வைக்கிறோம். மறுநாள் அவற்றை எடுத்துப் பிரிப்பார் இல்லையெனில், நெய் தோய்த்துத் தீயில் இட்டவர்களுக்கும் நமக்கும் வேற்றுமை மிகுதியில்லை.

நாள்தோறும் கால்மணி நேரம் பிள்ளையை அருகில் அமர்த்தி அரைப் பக்கம் படிக்கச் செய்வோம். வாரம் ஒருமுறை பாட்டிக்கு அவன் கையாலேயே நான்கு வரி எழுதச் சொல்வோம். எழுத்துப் பிழை இருந்தால் இருக்கட்டும், பாட்டி பொறுத்துக்கொள்வாள். அந்த நான்கு வரிகளில் தமிழ் இன்னொரு தலைமுறைக்கு எதிரேறியிருக்கும்.