அறிவித்தல் வந்தால் மடித்து வைக்காதீர்கள்
(களனி உறுப்பினர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



களனி ஆற்றின் மேல் புதிய பாலம் 2021இல் திறக்கப்பட்டது. பாதைகள் நமக்கும் வேண்டும். ஆனால் காணி இழப்பவரைக் கேட்காமல் எடுக்கக்கூடாது என்கிறோம்.

தெற்கு அதிவேகப் பாதையின் தடத்தை மாற்றியபோது, புதிய தடத்தில் காணி வைத்திருந்தவர்களிடம் கருத்துக் கேட்கவில்லை. அவர்கள் வழக்காடினார்கள். பாதை நிறுத்தப்படவில்லை. ஆயினும் அவர்களைக் கேட்டிருக்க வேண்டும் என்று உயர் நீதிமன்றம் 2004இல் தீர்ப்பளித்து, காணிக்குரிய பணத்துக்கு மேலாக நட்டஈடும் கொடுக்கச் சொன்னது.

1950ஆம் ஆண்டின் காணி சுவீகரிப்புச் சட்டப்படி, காணியில் என்ன உரிமை உண்டென்று எழுத்தில் கோர வேண்டும். தலைமுறை தலைமுறையாக லயத்தில் வாழும் நாம் எந்த உறுதியைக் காட்டுவது? அதனால்தான் வீட்டுக்கும் காணிக்கும் உறுதி கேட்கிறோம்.

அறிவித்தல் வந்தால் அன்றைக்கே சங்கத்துக்குக் கொண்டு வாருங்கள். தவணை தப்பவிடாதீர்கள்.