புதுத்தோட்டத்து மந்திகள்

வயலையும் கடையையும் இன்று ஒருநாள் விட்டுவிட்டு வந்திருக்கும் பெற்றோர்களே, கறுப்பு அங்கிக்குள் வியர்த்துக்கொண்டிருக்கும் பட்டதாரிகளே!

குரங்கைப் பற்றிப் பேசப்போகிறேன் என்றதும் முதல்வர், "பிள்ளைகள் தங்களைச் சொல்வதாக நினைத்துக்கொள்வார்கள், ஐயா" என்றார். இல்லை, நான் சொல்வது சிங்கவால் குரங்கை. சோலைமந்தி என்றும் பெயர். கருகருவென்ற உடம்பு, முகத்தைச் சுற்றி வெள்ளிப் பிடரி, வால் நுனியில் குஞ்சம். மேற்குத் தொடர்ச்சி மலையை விட்டால் இயற்கையில் இதற்கு வேறு ஊர் கிடையாது. தமிழ்நாடு, கேரளம், கர்நாடகம் மூன்றிலும் சேர்த்து 4,000-க்குள்தான் இருக்கும் என்பது மதிப்பீடு. பெண் மந்தி ஆறு வயதை ஒட்டித்தான் முதல் குட்டி போடும், அதுவும் ஒன்றே ஒன்று. ஒரு கூட்டம் அழிந்தால் அந்த இடம் நிரம்பப் பல காலம் ஆகும்.

பலா, அத்தி, வெடிப்பலா என்று மரத்துக்கு மரம் தாவியே பிழைக்கும் உயிர் இது. கிளையும் கிளையும் தொடாத இடத்தில் அதன் உலகம் முடிந்துவிடும். 1890களில் ஆனைமலையில் தேயிலையும் காப்பியும் ஏறின. பயிர் ஏறாத சரிவுகளிலும் ஆற்றோரங்களிலும் மட்டும் காடு துண்டு துண்டாக மிஞ்சியது.

ஆற்றோரக் காடு என்றதும், இதே மந்திகள் வாழும் கேரளத்தின் அமைதிப் பள்ளத்தாக்கு நினைவுக்கு வரும். அங்கே குந்திப்புழை ஆற்றில் அணை கட்டக் கிளம்பியபோது, கவிஞர் சுகதகுமாரியும், ஆசிரியர்கள் நிறைந்த கேரள சாஸ்திர சாகித்ய பரிஷத்தும் எதிர்த்து நின்றார்கள். குரங்குக்காக மின்சாரத்தை விடுவதா என்று கேலி பேசியவர்கள் உண்டு. 1983-இல் திட்டம் கைவிடப்பட்டது, அடுத்த ஆண்டு தேசியப் பூங்கா அறிவிப்பு வந்தது. பெரிய கதைதான். ஆனால் அதை எல்லோரும் சொல்லிவிட்டார்கள். நான் அதைவிட மதிப்பது வால்பாறைக்குப் பக்கத்தில் உள்ள புதுத்தோட்டத்தை.

ஒரு சதுர கிலோமீட்டர்கூடத் தேறாத காடு அது. தனியார் எஸ்டேட்டுக்குள் இருக்கிறது, நடுவே பொள்ளாச்சி சாலை போகிறது. வரைபடத்தை மட்டும் பார்க்கிறவர்கள் இதைக் கணக்கிலேயே சேர்க்கமாட்டார்கள். 1990களில் சில பத்துகளாக இருந்த மந்திகள் இன்று நூற்றைம்பதைத் தாண்டிவிட்டன. நிழலுக்காக ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவந்து நட்ட மரத்தின் பழத்தையும் காப்பிப் பழத்தையும் தின்னப் பழகிக்கொண்டன.

இது வெற்றியா? பாதி வெற்றி என்பேன். நெருக்கடி தாங்காமல் மந்திகள் தரையில் இறங்குகின்றன, குடியிருப்புக் கூரையைப் பிரிக்கின்றன, வண்டியில் அடிபடுகின்றன, மின்கம்பியில் சாகின்றன. நேச்சர் கன்சர்வேஷன் ஃபவுண்டேஷனும் வனத்துறையும் பழைய தீயணைப்புக் குழாய்களைக் கொண்டு சாலைக்கு மேலே பாலம் கட்டின. மந்தி கடக்கும்போது வண்டியை நிறுத்தக் காவலர்களும் இருக்கிறார்கள். வெயிலிலும் மழையிலும் சாலையில் நின்று கைகாட்டுகிற அந்த உள்ளூர்க்காரர்களைத்தான் நான் வனவிலங்கு நிபுணர்கள் என்று சொல்வேன். அந்த ஃபவுண்டேஷனின் ஆய்வாளர்களான திவ்யா முத்தப்பாவும் சங்கர் ராமனும் எஸ்டேட் கம்பெனிகளிடம் பேசி இசைவு வாங்கி, அந்த மண்ணுக்குரிய மழைக்காட்டு மரங்களை நாற்றுவிட்டு வளர்த்துச் சிதைந்த துண்டுகளில் நட்டுவருகிறார்கள். மரம் என்றால் எதையாவது நட்டுவிடுவதல்ல. சில்வர் ஓக்கில் சோலைமந்திக்குத் தின்னப் பழம் இல்லை.

கென்யாவில் டானா ஆற்றோரக் காடும் இப்படித் துண்டு துண்டானதுதான். அங்கே இரண்டு வகைக் குரங்குகளுக்காக 1976-இல் காப்பகம் அமைத்தார்கள். அந்தக் காடு வாழ்வதோ ஆண்டுதோறும் கரை புரளும் வெள்ளத்தால். மேலே அணைகள் வந்ததும் வெள்ளத்தின் போக்கே மாறிவிட்டது. ஆற்றை விட்டுவிட்டுக் கரையை மட்டும் காக்க முடியுமா என்பதைப் பாலாற்றுக்காரர்களான உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

சின்னத் துண்டு எதற்கு ஆகும் என்று கேட்பவர்களை வேடந்தாங்கலுக்குக் கூட்டிப்போங்கள். ஏரி சுமார் 30 ஹெக்டேர்தான். பறவை எச்சம் கலந்த தண்ணீர் வயலுக்கு உரம் என்று ஊர்க்காரர்களுக்குத் தெரிந்திருந்தது. பதினெட்டாம் நூற்றாண்டின் கடைசியில், பறவைகளைச் சுட்ட சிப்பாய்கள்மீது கலெக்டர் லயனல் பிளேஸிடம் முறையிட்டு, எழுத்தில் பாதுகாப்பு வாங்கியவர்கள் அவர்கள். பட்டம் பெற்றவர்கள் அல்லர், விவசாயிகள்.

காட்டு வேலை என்றால் வனத்துறை தேர்வு மட்டும்தான் என்று நினைக்காதீர்கள். எஸ்டேட்டோடு ஒப்பந்தம் எழுத பி.காம். படித்தவர் வேண்டும். மின்கம்பிக்கு உறை போட எலெக்ட்ரிகல் படித்தவர் வேண்டும். சாலையை அகலப்படுத்தும்போது கிளைகள் சேரும் இடத்தை வெட்டாமல் விடச் சிவில் படித்தவர் வேண்டும். சம்பளம் அப்படியொன்றும் பெரிதாக இராது, அதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன்.

ஆழியாறு தாண்டி நாற்பது கொண்டை ஊசி வளைவு ஏறினால் வால்பாறை வரும். சுற்றுலா போகிறவர்கள் புதுத்தோட்டம் பக்கம் வண்டியை மெதுவாக ஓட்டுங்கள். மந்தி எவ்வளவு அழகாகக் கை நீட்டினாலும் பிஸ்கட் கொடுக்காதீர்கள். முதல்வர் கடிகாரத்தைப் பார்க்கிறார், பட்டம் வாங்க வாருங்கள்.