24 பிரேம்ல 11 யாரோடது?

பீட்டர் ஜாக்சனோட ‘தே ஷல் நாட் க்ரோ ஓல்ட்’ பார்த்திருக்கீங்களா? 2018ல் வந்த ஆவணப்படம். முதல் உலகப்போர்ல சண்டை போட்ட பிரிட்டிஷ் சிப்பாய்களைப் பத்தினது. காட்சிகள் பெரும்பாலும் இம்பீரியல் வார் மியூசியத்தில் இருந்த பழைய ஃபிலிம்.

அந்தக் காலத்து கேமராவைக் கையால் சுத்தணும். அதனால் நொடிக்கு 10 பிரேம், 13, 18னு வேகம் மாறிக்கிட்டே இருக்கும். அப்படியே 24ல் ஓட்டினா, சிப்பாய்கள் பொம்மை மாதிரி விறுவிறுன்னு நடப்பாங்க. ஜாக்சன் டீம் இடையில் இல்லாத பிரேம்களைக் கம்ப்யூட்டர்ல உருவாக்கி நிரப்பினாங்க. கலர் சேர்த்தாங்க. உதட்டசைவைப் படிக்கத் தெரிஞ்சவங்களை வெச்சு பேச்சைக் கண்டுபிடிச்சு, நடிகர்களைக் குரல் கொடுக்க வெச்சாங்க. நூறு வருஷத்துக்கு முந்தைய அந்த முகங்கள் சட்டுன்னு நம்ம ரூம்மேட் மாதிரி ஆயிடுது.

ஆனா ஒரு சின்னக் கணக்கு. 13 பிரேம்ல எடுத்ததை 24 ஆக்கினா, நொடிக்குக் குறைஞ்சது 11 பிரேம் எந்தக் கேமராவும் பார்க்காதது. அது மென்பொருளோட ஊகம். சினிமாவா பார்க்க அது ஓகே. வரலாற்று ஆதாரமா காட்டினா?

கோடு எழுதுறவங்களுக்கு இது தெரிஞ்ச விதிதான்: ராவ் டேட்டா மேல கை வைக்காதே, மாத்துறதை எல்லாம் காப்பியில் மாத்து. மியூசியத்துல ஒரிஜினல் பத்திரமா இருக்கு. அதனாலதான் ஜாக்சன் செஞ்சதை நம்மால ஒப்பிட்டுப் பார்க்க முடியுது.

2020ல் லூமியேர் சகோதரர்களோட பழைய ரயில் படம் ‘4கே, 60 பிரேம்’னு யூடியூப்ல வைரலாச்சு. அந்த மாதிரி வீடியோ உங்க ஃபீடுல வந்தா, ஷேர் பண்றதுக்கு முன்னாடி ஒரிஜினலையும் தேடிப் பாருங்க. ஆடிக்கிட்டு, கோடு கோடா இருக்குற அந்தப் படம்தான் சாட்சி.